எல்-1 விலைக்கு இறங்கினால்தான் அந்த 25 சதவீதம்

வாசகர் கடிதம் (சுருக்கமாக): "ஐயா, வியாசர்பாடியில் கேஸ்கெட் (குழாய் இணைப்பில் கசிவைத் தடுக்கும் அடைப்பு வளையம்) தயாரிக்கும் சிறிய பட்டறை வைத்திருக்கிறேன். 12 பேர் வேலை செய்கிறார்கள். உத்யம் (சிறு தொழில்களுக்கான மத்திய அரசுப் பதிவு) இருக்கிறது. மத்தியப் பொதுத்துறை நிறுவனம் ஒன்றின் டெண்டரில் ஒரு கேஸ்கெட்டுக்கு 112 ரூபாய் போட்டேன். பெரிய கம்பெனி ஒன்று 100 ரூபாய் போட்டு எல்-1 (மிகக் குறைந்த விலை போட்டவர்) ஆனது. சிறு தொழிலுக்கு 15 சதவீத விலைச் சலுகை உண்டே, என் விலைக்கே 25 சதவீத ஆர்டர் வரும் என்று இருந்தேன். அவர்களோ 'நீங்களும் 100 ரூபாய்க்கு வருகிறீர்களா?' என்று கேட்டார்கள். முடியாது என்று எழுதிக் கொடுத்தேன். மொத்த ஆர்டரும் அந்தக் கம்பெனிக்கே போய்விட்டது. இன்னொரு டெண்டரில் டர்ன்ஓவர் (ஆண்டு விற்றுமுதல்) போதாது என்று சொல்லி, என் விலைக் கவரைப் பிரிக்காமலே தள்ளிவிட்டார்கள். மாநில அரசு நிறுவனம் ஒன்றில் உத்யம் சான்றிதழைக் காட்டியும், இ.எம்.டி. (டெண்டர் போடும்போது கட்டும் முன்வைப்புத் தொகை) கட்டவில்லை என்று நிராகரித்தார்கள். போல்ட், நட்டும் சப்ளை செய்கிறேன். அதில் பெரிய கம்பெனிகள் வரவே கூடாது என்று சட்டம் இருப்பதாகச் சொல்கிறார்களே? 25 சதவீதம் கட்டாயம் என்றால் ஹைகோர்ட்டுக்குப் போய் வாங்கிவிடலாமா? மனைவி பெயரில் ஒரு கம்பெனி தொடங்கினால் பெண்களுக்கான 3 சதவீதம் கிடைக்கும் என்று ஆடிட்டர் அலுவலகத்தில் ஒருவர் சொன்னார். அது சரியா?"

முதல் டெண்டரில் அவர்கள் உங்களுக்கு அநியாயம் எதுவும் செய்யவில்லை. "100 ரூபாய்க்கு வருகிறீர்களா?" என்று கேட்டார்கள் அல்லவா, அந்தக் கேள்விதான் சட்டம் கொடுக்கும் சலுகை. அதை வேண்டாம் என்று நீங்களே கையெழுத்துப் போட்டுக் கொடுத்துவிட்டீர்கள்.

இந்தக் குழப்பம் உங்களுக்கு மட்டும் வந்ததல்ல. தொழிற்பேட்டைகளில் பழைய ஆட்கள் இன்றைக்கும் "நமக்கு 15 பர்சென்ட் உண்டு" என்று சொல்வதைக் கேட்கலாம். அவர்கள் பொய் சொல்லவில்லை. முன்பு இருந்த அரசுக் கொள்முதல் திட்டத்தில், சிறுதொழில் நிறுவனத்தின் விலை பெரிய நிறுவனத்தின் விலையைவிட 15 சதவீதம் வரை கூடுதலாக இருந்தாலும் அந்த விலைக்கே வாங்கலாம் என்று ஒரு விலைச் சலுகை இருந்தது. அந்தக் காலம் போய்விட்டது. இப்போது நடப்பில் இருப்பது, 2006ஆம் ஆண்டின் குறு, சிறு, நடுத்தரத் தொழில் நிறுவனங்கள் மேம்பாட்டுச் சட்டத்தின் 11ஆம் பிரிவின் கீழ் 2012 மார்ச் 23 அன்று வெளியிடப்பட்ட கொள்முதல் கொள்கை ஆணை. அதிலும் 15 என்ற எண் வருகிறது. ஆனால் அதன் வேலை வேறு.

உங்கள் டெண்டரையே கணக்காகப் போட்டுப் பார்ப்போம். தேவை 10,000 கேஸ்கெட் என்று வைத்துக்கொள்ளுங்கள். பெரிய கம்பெனியின் விலை 100. குறு, சிறு நிறுவனங்கள் மூன்று இருக்கின்றன: 108, 112, 118. எல்-1 விலைக்கு மேல் 15 சதவீதம், அதாவது 115 ரூபாய் வரை போட்டவர்களைக் கூப்பிட வேண்டும். 118 போட்டவர் அங்கேயே வெளியே. 108, 112 இருவரையும் கூப்பிட்டு, 100 ரூபாய்க்கு இறங்கச் சம்மதமா என்று கேட்க வேண்டும். சம்மதித்தால் 25 சதவீதம் வரை, இங்கே 2,500 கேஸ்கெட், அவர்களுக்கு. இருவரும் சம்மதித்தால் அதை அவர்களுக்குள் விகிதப்படி பிரிக்க வேண்டும். ஒருவரும் இறங்காவிட்டால் எல்லாம் எல்-1க்கே. ஆக, யாரைக் கூப்பிடுவது என்று தீர்மானிக்கத்தான் அந்த 15. கூப்பிட்ட பிறகு கொடுக்கும் விலை எல்-1 விலைதான், அதற்கு மேல் ஒரு ரூபாய்கூடக் கிடையாது.

இதில் "100 ரூபாய்" என்பதையும் கவனியுங்கள். ஒப்பிடுவது டெண்டரில் சொன்னபடி வரி, வண்டி வாடகை எல்லாம் சேர்த்த மதிப்பீட்டு விலையை. சரக்கு அடக்க விலையை மட்டும் வைத்து 15 சதவீதத்துக்குள் இருக்கிறோம் என்று நினைத்து, கடைசியில் வண்டி வாடகையில் எல்லையைத் தாண்டியவர்களைப் பார்த்திருக்கிறேன்.

பொருளைப் பிரித்து வாங்க முடியாத டெண்டர் என்றால் நிலைமை மாறும். ஒரே இயந்திரம், ஒரே தொகுப்பு என்றால் கால்வாசி கொடுப்பது எப்படி? அப்போது எல்-1 விலைக்கு இறங்கி வரும் சிறு நிறுவனத்துக்கு முழு ஆர்டரையும் கொடுக்கலாம் என்று எம்எஸ்எம்இ (குறு, சிறு, நடுத்தரத் தொழில்) அமைச்சகத்தின் விளக்கம் இருக்கிறது. அரசுக் கொள்முதலுக்கான ஜெம் இணையதளத்தில் டெண்டர் போடும் அதிகாரி 25 சதவீதமா, 100 சதவீதமா என்று முன்பே தேர்வு செய்துவிடுவார். டெண்டர் தாளில் அது அச்சாகியிருக்கும்.

சரி, 100 ரூபாய்க்கு இறங்கியிருக்க வேண்டுமா? உங்கள் அடக்க விலை தெரியாமல் நான் சொல்ல முடியாது. 2,500 கேஸ்கெட்டுக்கு வாங்கும் கிராஃபைட்டும் ஸ்டெயின்லெஸ் பட்டையும், 10,000க்கு மொத்தமாக வாங்குபவரின் விலைக்கு உங்களுக்குக் கிடைக்காது. கட்டுப்படாத விலைக்குச் சம்மதித்துவிட்டுச் சப்ளை செய்ய முடியாமல் நின்றால் ஆர்டருக்காகக் கட்டிய பெர்ஃபார்மன்ஸ் கியாரண்டி போகும், சில வருடம் டெண்டர் போடத் தடையும் வரலாம். மறுத்ததற்காக யாரும் உங்களைத் தண்டிக்க முடியாது. எனவே அந்த முடிவு தவறு என்று நான் சொல்லவில்லை. ஆனால் அடுத்த முறை விலை எழுதும்போதே இரண்டு கணக்குப் போட்டு வையுங்கள்: நாம் கேட்கும் விலை ஒன்று, கூப்பிட்டுக் கேட்டால் எதுவரை இறங்கலாம் என்பது ஒன்று. பதில் சொல்ல அவர்கள் கொடுக்கும் நேரம் குறைவு. அந்த நேரத்தில் உட்கார்ந்து அடக்க விலை பார்க்க முடியாது.

இப்போது "25 சதவீதம் கட்டாயம்" என்கிற விஷயத்துக்கு வருகிறேன். இந்த ஆணையில் 25 என்ற எண் இரண்டு இடத்தில் வருகிறது. இரண்டும் வேறு வேறு. ஒன்று, மேலே சொன்ன டெண்டர்வாரிக் கால்வாசி. இன்னொன்று, ஒவ்வொரு மத்திய அமைச்சகமும், துறையும், பொதுத்துறை நிறுவனமும் ஓர் ஆண்டில் வாங்கும் மொத்தப் பொருள், சேவை மதிப்பில் குறைந்தது 25 சதவீதம் குறு, சிறு நிறுவனங்களிடமிருந்து வாங்க வேண்டும் என்பது. முதலில் அது 20 சதவீதமாக இருந்தது. 2015 ஏப்ரல் முதல் கட்டாயம் ஆனது. 2018 நவம்பரில் திருத்தி, 2019 ஏப்ரல் முதல் 25 ஆக்கினார்கள். அதற்குள்ளேயே பட்டியல் சாதியினர், பழங்குடியினர் நடத்தும் நிறுவனங்களுக்கு 4 சதவீதம், பெண்கள் நடத்துவதற்கு 3 சதவீதம். கட்டாயம் என்பது இந்த ஆண்டுக் கணக்குக்குத்தான். அந்த நிறுவனம் கேஸ்கெட்டில் உங்களுக்கு ஒன்றும் கொடுக்காமல், கேன்டீன், வாகன வாடகை, தோட்டப் பராமரிப்பு என்று மற்ற சிறு நிறுவனங்களிடம் வாங்கியே 25ஐத் தொட்டுவிட்டால், ஆண்டுக் கணக்கில் அது கடமையைச் செய்துவிட்டது. உங்கள் மனம் ஒப்பாது, ஆனால் ஆணை எழுதப்பட்டிருப்பது அப்படித்தான்.

அந்தக் கணக்கை நீங்களே பார்க்கலாம். இலக்கு என்ன, எவ்வளவு எட்டினோம் என்று ஆண்டறிக்கையில் சொல்ல வேண்டும் என்பது அந்த ஆணையிலேயே இருக்கிறது. புகார் எழுதும் முன் அந்த ஒரு பக்கத்தைத் தேடிப் படித்துவிடுங்கள். 25க்குக் கீழே இருந்தால் உங்கள் கடிதத்துக்குக் கனம் கூடும்.

உங்கள் கடிதத்தில் சொல்லாமல் விட்ட ஒன்றும் இருக்கிறது. எல்-1 ஆன கம்பெனி பெரிய கம்பெனி என்று எழுதியிருக்கிறீர்கள். எப்படித் தெரியும்? இந்தச் சலுகை, எல்-1 குறு அல்லது சிறு நிறுவனமாக இல்லாதபோது மட்டும்தான் வரும். எல்-1 வந்தவரே சிறு நிறுவனம் என்றால் ஆர்டர் அவருக்கே. உங்களைக் கூப்பிட வேண்டியதில்லை. 2025 ஏப்ரல் 1 முதல் வரம்புகளை வேறு உயர்த்திவிட்டார்கள். இப்போது இயந்திர முதலீடு 25 கோடிக்குள்ளும் விற்றுமுதல் 100 கோடிக்குள்ளும் இருந்தால் "சிறு" நிறுவனம். முன்பு அது 10 கோடி, 50 கோடி. நேற்று வரை நடுத்தரம் என்று வெளியே நின்ற பல கம்பெனிகள் இன்று உங்களோடு ஒரே வரிசையில் நிற்கின்றன. 12 பேர் வேலை செய்யும் பட்டறையும் 90 கோடிக்கு விற்கும் ஆலையும் சட்டத்தின் கண்ணில் ஒன்று. எனக்கு இது நியாயமாகப் படவில்லை, ஆனாலும் இன்றைய விதி இதுதான். உங்கள் டெண்டரில் அவர்கள் உங்களை 100க்கு வரச் சொன்னதை வைத்துப் பார்த்தால், எல்-1 சிறு நிறுவனம் இல்லை என்றே தெரிகிறது.

அடுத்து போல்ட், நட்டு. குறு, சிறு நிறுவனங்களிடம் மட்டுமே வாங்க வேண்டும் என்று 358 பொருள்கள் ஒதுக்கப்பட்டிருக்கின்றன. பட்டியலில் போல்ட், நட்டு, முள்கம்பி, பிரஷ், பக்கெட் எல்லாம் உண்டு. ஆனால் நீங்கள் அந்தப் போல்ட்டைத் தயாரிக்கிறீர்களா, லிங்கிச் செட்டித் தெருவில் வாங்கிக் கொடுக்கிறீர்களா? வாங்கிக் கொடுப்பவர் என்றால் அந்தச் சரக்கைப் பொறுத்தவரை நீங்கள் வியாபாரி. இந்த ஆணை, சிறு நிறுவனங்கள் தாமே தயாரிக்கும் பொருளுக்கும் தாமே செய்யும் சேவைக்கும்தான். 2021 ஜூலையில் மொத்த, சில்லறை வியாபாரிகளும் உத்யம் பதிவு செய்யலாம் என்று அனுமதித்தார்கள். அதைப் பார்த்துப் பலர் சான்றிதழ் எடுத்துவிட்டு, டெண்டர் சலுகையும் வந்துவிட்டது என்று எண்ணிக்கொண்டார்கள். அந்த அனுமதி வங்கிக் கடனில் முன்னுரிமைத் துறை என்று கருதப்படுவதற்கு மட்டும்தான்.

உங்கள் உத்யம் சான்றிதழை எடுத்துத் தொழில் குறியீடுகள் இருக்கும் பகுதியைப் பாருங்கள். கேஸ்கெட் தயாரிப்புக்கான உற்பத்திக் குறியீடு இருக்கிறதா? 45, 46, 47 என்று தொடங்கும் குறியீடுகள் வியாபாரத்துக்கானவை. பதிவு செய்து கொடுத்த பிரவுசிங் சென்டர் பையன் அவசரத்தில் 46ஐ மட்டும் போட்டிருந்தால், கேஸ்கெட்டுக்கும் சேர்த்தே சலுகை மறுக்க இடம் கொடுத்தவர் ஆகிறீர்கள். திருத்துவது எளிது, கட்டணமும் இல்லை. ஆனால் டெண்டர் முடியும் தேதிக்கு முன்பே திருத்தியிருக்க வேண்டும்.

இரண்டாவது டெண்டர்: டர்ன்ஓவர். இங்கேதான் உங்கள் பக்கம் கொஞ்சம் பலம் இருக்கிறது. தரமும் தொழில்நுட்பத் தேவையும் சரியாக இருந்தால், குறு, சிறு நிறுவனங்களுக்கு முன் அனுபவம், விற்றுமுதல் ஆகிய நிபந்தனைகளைத் தளர்த்தலாம் என்று 2016 மார்ச்சில் சுற்றறிக்கை வந்தது. அதே ஆண்டு நிதி அமைச்சகம் ஒரு விளக்கமும் சேர்த்தது: பொதுப் பாதுகாப்பு, சுகாதாரம், முக்கியப் பாதுகாப்புப் பணிகள் தொடர்பான பொருள்களில், வாங்கும் நிறுவனம் அனுபவம் உள்ளவரையே விரும்பலாம். சுத்திகரிப்பு ஆலையில் அழுத்தக் குழாய்க்குப் போடும் கேஸ்கெட் கசிந்தால் என்ன ஆகும் என்பது உங்களுக்கே தெரியும். எனவே "இது பாதுகாப்புப் பொருள், அனுபவம் வேண்டும்" என்று அவர்கள் சொன்னால் அது காரணமே இல்லாத காரணம் என்று தள்ளிவிட முடியாது. ஆனால் அனுபவம் வேறு, விற்றுமுதல் வேறு. கேஸ்கெட் தாங்குமா என்பதற்கும் உங்கள் ஆண்டு விற்பனை எத்தனை கோடி என்பதற்கும் நேரடிச் சம்பந்தம் கிடையாது. கேட்க வேண்டிய கேள்வி அதுதான்.

இதே விவகாரம் உச்ச நீதிமன்றம் வரை போனது. லைஃப்கேர் இன்னோவேஷன்ஸ் என்ற சிறு மருந்து நிறுவனம், டெண்டர்களில் போடும் குறைந்தபட்ச விற்றுமுதல் நிபந்தனை எங்களை வாசலிலேயே நிறுத்திவிடுகிறது, அப்புறம் 25 சதவீதக் கொள்கைக்கு என்ன அர்த்தம் என்று கேட்டது. 2025 பிப்ரவரியில் வந்த தீர்ப்பு இரண்டு பக்கமும் கூர்மையானது. 2012 ஆணை வெறும் கொள்கை அறிவிப்பு அல்ல, அதற்குச் சட்ட பலம் உண்டு என்றது. அதே தீர்ப்பு, இந்த ஆணையின் கீழ் தனியொரு சிறு நிறுவனத்துக்குத் தனி உரிமை கிடையாது என்றும் சொன்னது. ஆனால் அதிகாரிகளுக்கும் ஆணையின் கீழ் அமைந்த குழுக்களுக்கும் கடமை இருக்கிறது. அந்தக் கடமையைச் செய்தார்களா என்று நீதிமன்றம் கேட்கும். விற்றுமுதல் நிபந்தனையை நீதிமன்றம் தானே அடித்துப் போடவில்லை. ஆணையின் கீழ் உள்ள மறுஆய்வுக் குழுவும் குறைதீர்ப்புப் பிரிவும் அதைப் பரிசீலிக்கட்டும் என்று அனுப்பியது.

உங்களுக்கு இதன் பொருள் என்ன? "எனக்கு ஆர்டர் கொடு" என்று ஹைகோர்ட்டில் ரிட் மனு போட்டால் நிற்காது. "என் மனுவைக் குறைதீர்ப்புப் பிரிவு கண்டுகொள்ளவே இல்லை, பரிசீலிக்கச் சொல்லுங்கள்" என்று போட்டால் நிற்க வாய்ப்பு உண்டு. அப்படிப் போடுவதற்கு முதலில் மனு ஒன்று அங்கே போயிருக்க வேண்டும். எம்எஸ்எம்இ அமைச்சகத்தின் சாம்பியன்ஸ் குறைதீர்ப்புத் தளத்தில் பதிவு செய்யலாம். கிண்டியில் இருக்கும் மத்திய அரசின் எம்எஸ்எம்இ அலுவலகத்தில் நேரிலும் கேட்கலாம்.

அதைவிட நல்லது, இந்தச் சண்டையை டெண்டர் திறப்பதற்கு முன்பே போடுவது. ஜெம் டெண்டர் தாளின் தொடக்கப் பக்கங்களில் கட்டம் கட்டமாக விவரங்கள் வரும். அதில் எம்எஸ்இ (குறு, சிறு நிறுவனங்கள்) கொள்முதல் முன்னுரிமை ஆமா, இல்லையா என்று ஒரு வரி. அனுபவம், டர்ன்ஓவரில் எம்எஸ்இ விலக்கு ஆமா, இல்லையா என்று இன்னொரு வரி. முன்னதில் "ஆம்", பின்னதில் "இல்லை" என்று இருப்பது சகஜம். முன்னுரிமை கொடுத்திருக்கிறார்களே என்று திருப்திப்பட்டு, நம்மவர்கள் பின்னதைப் படிக்காமல் விலை போட்டுவிடுகிறார்கள். "இல்லை" என்று பார்த்த அன்றே, விலை போடுவதற்கு முன் நடக்கும் பிரீ-பிட் கூட்டத்திலோ கேள்வி கேட்கக் கொடுத்த கெடுவுக்குள்ளோ எழுத்தில் கேளுங்கள்: இந்தப் பொருளுக்கு விற்றுமுதல் ஏன் தேவை, 2016 சுற்றறிக்கைப்படி ஏன் தளர்த்தவில்லை? சில சமயம் திருத்தம் வெளியிடுவார்கள். வெளியிடாவிட்டாலும் அந்தக் கடிதம் உங்கள் ஃபைலில் இருக்கும். நிபந்தனையை ஏற்றுக்கொண்டு டெண்டரில் கலந்துவிட்டு, தோற்ற பிறகு நிபந்தனையே தப்பு என்று வருபவரை நீதிபதிகள் ரசிப்பதில்லை. நீங்கள் எழுதியதைப் பார்த்தால், எதிர்ப்புக் கடிதம் எதுவும் கொடுத்ததாகத் தெரியவில்லை.

நிபந்தனை ஒருவருக்காகவே தைத்ததுபோல் இருந்தால் கதை வேறு. சத்தீஸ்கரில் பள்ளிகளுக்கு விளையாட்டுப் பொருள் வாங்கும் டெண்டரில், அந்த மாநில அரசு அமைப்புகளுக்கே முன்பு சப்ளை செய்திருக்க வேண்டும் என்று போட்டிருந்த நிபந்தனையை 2025 அக்டோபரில் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. "எங்கள் ஆலைக்கே ஏற்கெனவே சப்ளை செய்திருக்க வேண்டும்" என்பதுபோல் எங்காவது பார்த்தால் தாமதிக்காமல் ஒரு வழக்கறிஞரைப் பாருங்கள். மற்றபடி டெண்டர் வழக்குகளில் நீதிமன்றம் அப்பீல் அதிகாரிபோல் உட்காராது என்பது 1994ஆம் ஆண்டின் டாடா செல்லுலார் வழக்கிலிருந்தே நிலைத்த சட்டம். முடிவு தன்னிச்சையானதா, உள்நோக்கம் கொண்டதா, பொது நலன் கெட்டதா என்றுதான் பார்க்கும். உங்கள் முதல் டெண்டரில் இதில் எதுவும் இல்லை. அதற்காகப் பாரிமுனை ஹைகோர்ட்டுக்கு அலைய வேண்டாம்.

மூன்றாவது, மாநில அரசு நிறுவனம். வடசென்னையில் இந்தக் குழப்பம் வருவதில் வியப்பில்லை. மணலியில் சுத்திகரிப்பு ஆலையும் மெட்ராஸ் ஃபெர்டிலைசர்ஸும் மத்திய அரசுடையவை, பெரம்பூர் ஐசிஎஃப் ரயில்பெட்டித் தொழிற்சாலை ரயில்வேயுடையது. கொஞ்ச தூரத்தில் வடசென்னை அனல்மின் நிலையம் மாநிலத்துடையது. மாநகராட்சியும் மெட்ரோ வாட்டரும் அப்படியே. பட்டறையிலிருந்து வண்டி போகும் சாலை ஒன்றாக இருக்கலாம், சட்டம் ஒன்றல்ல. 2012 ஆணை மத்திய அமைச்சகங்கள், துறைகள், பொதுத்துறை நிறுவனங்களை மட்டும் கட்டுப்படுத்தும். அதில் இருக்கும் இலவச டெண்டர் படிவம், இ.எம்.டி. விலக்கு எல்லாம் அவர்களிடம்தான் செல்லும். மாநில டெண்டர்களுக்கு 1998ஆம் ஆண்டின் தமிழ்நாடு ஒப்பந்தப்புள்ளிகளில் வெளிப்படைத்தன்மைச் சட்டமும் 2000ஆம் ஆண்டின் விதிகளும் இருக்கின்றன. மாநிலம் சலுகை கொடுத்தால் அந்தச் சட்டம், விதி, அரசாணை வழியாகத்தான் கொடுக்கும். எந்தப் பொருளுக்கு, என்ன சான்றிதழ் காட்டினால் இ.எம்.டி. விலக்கு என்று அந்த டெண்டர் தாளிலேயே எழுதியிருக்கும். அங்கே சொன்ன சான்றிதழை விட்டுவிட்டு உத்யமை மட்டும் இணைத்திருந்தால் நிராகரிப்பு செல்லும். சொன்ன சான்றிதழையே இணைத்தும் தள்ளியிருந்தால் அந்தச் சட்டத்தின் 11ஆம் பிரிவில் அரசுக்கு மேல்முறையீடு உண்டு. உத்தரவு கைக்கு வந்த நாளிலிருந்து 10 நாள்தான் கெடு. உங்கள் கடிதத்தில் தேதி இல்லை. முதலில் அதைப் பாருங்கள்.

மத்திய நிறுவனங்களிலும் விலக்கு இ.எம்.டி.க்கு மட்டுமே. ஆர்டர் கிடைத்த பிறகு கட்டும் பெர்ஃபார்மன்ஸ் கியாரண்டிக்கு இந்த ஆணையில் விலக்கு இல்லை. அதேபோல், கேஸ்கெட் சப்ளையோடு ஃபேப்ரிகேஷன், எரெக்ஷன் என்று மொத்தமாகக் கட்டிப் போடும் வொர்க்ஸ் கான்ட்ராக்ட் டெண்டர்களுக்கு இந்தக் கொள்கை பொருந்தாது என்பது அமைச்சகத்தின் நிலை.

நீங்கள் கேட்கவில்லை, இருந்தாலும் சொல்கிறேன். அதே 2006 சட்டத்தில் உங்களுக்கு நேரடியாக, தனி உரிமையாக இருப்பது பணம் வாங்கும் உரிமை. சரக்கை ஏற்றுக்கொண்ட நாளிலிருந்து அதிகபட்சம் 45 நாளில் பணம் வர வேண்டும். ஒப்பந்தத்தில் 90 நாள் என்று எழுதியிருந்தாலும் செல்லாது. தாமதமானால் ரிசர்வ் வங்கியின் வங்கி விகிதத்தைப்போல் மூன்று மடங்கு, மாதக் கூட்டு வட்டி. இதற்கு மத்தியம், மாநிலம், தனியார் என்ற பேதம் இல்லை. எல்-1, எல்-2 கணக்கும் இல்லை. ஏற்கெனவே சப்ளை செய்த பில் ஏதாவது நிற்கிறதா? நிலுவைப் பணத்துக்கான எம்எஸ்எம்இ அமைச்சகத்தின் இணையதளத்தில் போடுங்கள், வழக்கு இந்தத் தகராறுகளைத் தீர்க்கும் வசதியாக்க மன்றத்துக்குப் போகும். விலைச் சலுகையைத் துரத்தும் பலர் இதைப் பயன்படுத்தாமலே இருக்கிறார்கள். கேட்டால் "அடுத்த ஆர்டர் வராதே சார்" என்பார்கள். அந்தப் பயத்துக்குச் சட்டத்தில் மருந்து இல்லை என்பதையும் ஒப்புக்கொள்ள வேண்டும்.

கடைசியாக, மனைவி பெயரில் கம்பெனி. பெண்களுக்கான 3 சதவீதம் என்பது, நான் முன்பு சொன்ன ஆண்டுக் கணக்கான 25க்குள் இருக்கும் உள் இலக்கு. அதற்கென்று தனி விலை கிடையாது. அவரும் எல்-1 விலைக்கு இறங்கித்தான் ஆக வேண்டும். தனியுரிமை நிறுவனம் என்றால் உரிமையாளர் அவராக இருக்க வேண்டும். கூட்டு நிறுவனம், பிரைவேட் லிமிடெட் என்றால் குறைந்தது 51 சதவீதப் பங்கு பெண்களிடம் இருக்க வேண்டும். பெயர்ப்பலகை மட்டும் மாற்றி, அதே ஷெட்டில் அதே இயந்திரத்தில் நீங்களே ஓட்டினால், அவருக்கு உற்பத்தி எங்கே என்று கேட்பார்கள். ஆய்வுக்கு வருபவர் இயந்திரத்தின் மேல் ஒட்டியிருக்கும் வங்கி ஹைப்பாதிகேஷன் (கடன் அடமானம்) தகட்டில் யார் பெயர் என்று பார்த்தாலே போதும். உத்யமில் பொய்த் தகவல் கொடுத்தால் அபராதம் உண்டு. அதைவிட மோசம், இரண்டு கம்பெனிகளும் ஒரே டெண்டரில் விலை போடுவது. ஒரே வீட்டில் உட்கார்ந்து 108 ஒன்று, 112 ஒன்று என்று எழுதினால் 2002ஆம் ஆண்டின் போட்டிச் சட்டத்தின் 3ஆம் பிரிவில் அது கூட்டுச் சதி. இருவருமே டெண்டர் உலகத்திலிருந்து வெளியே போவீர்கள்.

அவருக்கு உண்மையாகவே பட்டறையை நடத்தும் எண்ணம் இருந்தால், இப்போதைய நிறுவனத்தையே கூட்டு நிறுவனமாக மாற்றி 51 சதவீதம் அவர் பெயரில் வைப்பது நேர்மையான வழி. ஆனால் கூட்டு நிறுவனம் என்றால் புதிய பான், புதிய ஜி.எஸ்.டி., புதிய உத்யம். இத்தனை வருடம் உங்கள் பெயரில் சேர்த்த சப்ளை அனுபவத்தைப் புதிய நிறுவனத்தின் அனுபவமாக ஏற்பார்களா என்பது ஒவ்வொரு டெண்டரிலும் கேள்வியாக வரும். ஏற்கெனவே டர்ன்ஓவரில் அடிபட்டவர் நீங்கள். இந்த மாற்றத்தைச் செய்யும் முன், ஆடிட்டர் அலுவலகத்தில் யாரோ ஒருவர் சொன்னதோடு விடாமல், ஆடிட்டரையே நேரில் பார்த்துக் கேளுங்கள்.